அச்சத்தின் ஐந்தாவது காரணம்

(அடையாற்றில் இலக்கிய வாசகர்களிடையே நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் எட்டு மெய்ப்பாடுகளை எடுத்துக்கொண்டு, ஒவ்வொன்றும் எதெதனால் பிறக்கும் என்று கணக்குக் கொடுக்கிறார். அச்சத்துக்கு அவர் சொல்லும் காரணங்கள் நான்கு: அணங்கு, விலங்கு, கள்வர், இறை. தெய்வமோ பேயோ வருத்தும், புலி பாயும், வழிப்பறிக்காரன் மறிப்பான், அரசனோ ஆசானோ தண்டிப்பான். நான்கும் வெளியிலிருந்து வருபவை. கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டு, விளக்கை ஏற்றி, நாலு பேரோடு உட்கார்ந்துகொண்டால் ஓரளவு தப்பித்துவிடலாம்.

கதவைச் சாத்திய பிறகும் அறைக்குள் ஒருவன் மிச்சம் இருக்கிறான். அஞ்சுகிறவனே அவன். அவனுடைய கண் பார்த்தது நிஜமா, அவனுடைய கை செய்தது அவனுக்குத் தெரியுமா, அவனுடைய நினைவை நம்பலாமா? பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிரெஞ்சுக் கதைக்காரர்கள் இந்த ஐந்தாவது காரணத்தைத்தான் விடாமல் துருவினார்கள். அந்தத் துருவல் தமிழுக்கு எப்படி வந்தது, வந்து என்ன ஆயிற்று என்பதே இந்தச் சொற்பொழிவின் பொருள்.

பேய்க்குத் தமிழில் பஞ்சம் இருந்ததே இல்லை. கலிங்கத்துப்பரணியில் பேய்கள் போர்க்களத்தில் கூழ் அட்டுப் பந்தி போட்டு உண்கின்றன. காரைக்கால் அம்மையார் இறைவனிடம் தாமே கேட்டுப் பேய் வடிவம் பெற்றார். ஊருக்கு ஊர் புளியமரத்தில் முனியும் கிணற்றடியில் மோகினியும் உண்டு. தாயத்தும் வேப்பிலையும் உண்டு. இவற்றில் எதிலும் ‘பேய் இருக்கிறதா?’ என்ற கேள்வி எழுவதில்லை. இருக்கிறது, அதை எப்படிச் சமாளிப்பது, எப்படி வணங்குவது என்பதுதான் பேச்சு. பாரிசில் வாழ்ந்த விமர்சகர் தொதரோவ் 1970இல் எழுதிய நூலில், இவ்வகைக் கதையின் உயிரே தயக்கம் என்றார். நடந்தது இயற்கையா, இயற்கைக்கு அப்பாற்பட்டதா என்று வாசகர் முடிவுகட்ட முடியாமல் நிற்கும் கணம் வரைதான் அந்தக் கதை உயிரோடு இருக்கிறது. முடிவு தெரிந்ததும் அது வேறு வகைக் கதையாகிவிடுகிறது. தமிழ்க் கதைக்கு வெளியிலிருந்து வந்து சேர்ந்த புதுச் சரக்கு இந்தத் தயக்கம்தான்.

இந்தக் கேள்வியை அடையாற்றில் நின்று பேசுவதற்குத் தனிப் பொருத்தம் உண்டு. 1882 டிசம்பரில் பிளாவட்ஸ்கி அம்மையாரும் கர்னல் ஆல்காட்டும் பிரம்மஞான சபையின் தலைமையகத்தைப் பம்பாயிலிருந்து இங்கே ஆற்றங்கரையில் இருந்த ஹடில்ஸ்டன் தோட்டத்துக்கு மாற்றினார்கள். மாடியில் அம்மையாரின் அறையை ஒட்டிய சுவரில் ஒரு மர அலமாரி. இமயத்து மகாத்மாக்களின் கடிதங்கள் அதற்குள் வந்து சேர்வதாக அன்பர்கள் நம்பினார்கள். உடைந்த சாசர் ஒன்று அதற்குள்ளிருந்து முழுசாகத் திரும்பியதாகவும் பேச்சு. அந்த வீட்டைப் பராமரித்தவர்கள் கூலோம் தம்பதி; கணவர் அலெக்சி கூலோம் பிரெஞ்சுக்காரர், தச்சு வேலையில் கைதேர்ந்தவர். சபையோடு பிணக்கு வந்ததும் அவர் மனைவி எம்மா, அம்மையார் தனக்கு எழுதியவை என்று சில கடிதங்களைச் சென்னை கிறித்தவக் கல்லூரியின் இதழுக்குக் கொடுத்தார். 1884 செப்டம்பரில் அவை அச்சேறின. நகரும் பலகைகள் வழியாகத்தான் அதிசயங்கள் நடந்தன என்பது கூலோம் தம்பதியின் வாக்குமூலம். கடிதங்கள் போலி என்றார் அம்மையார்.

லண்டனின் அமானுஷ்ய ஆய்வுச் சங்கம் ரிச்சர்ட் ஹாட்ஸன் என்பவரை அனுப்பியது. அவர் 1884 டிசம்பரில் அடையாற்றுக்கு வந்து, சுவரையும் பலகையையும் கையெழுத்தையும் சோதித்து, சாட்சிகளை விசாரித்து, மோசடி என்று தீர்ப்பு எழுதினார். 1885 டிசம்பரில் அந்த அறிக்கை வெளிவந்தபோது அம்மையார் அடையாற்றில் இல்லை. அந்த ஆண்டே போனவர் பிறகு திரும்பவில்லை. நூறாண்டு கழித்து, 1986இல், வெர்னன் ஹாரிசன் என்ற ஆவண நிபுணர் அதே சங்கத்தின் இதழில் ஹாட்ஸனின் அறிக்கை ஒருதலைப்பட்சமானது என்று வாதிட்டார். வழக்கு இன்னும் இரண்டு தரப்பிலும் நடந்துகொண்டுதான் இருக்கிறது.

அந்தச் சண்டையில் இரு தரப்புக்கும் பொதுவாக ஒரு நம்பிக்கை இருந்தது. சுவரைத் தட்டிப் பார்த்தால், கையெழுத்தை ஒப்பிட்டால், சாட்சியை மடக்கிக் கேட்டால் உண்மை தெரிந்துவிடும் என்பதே அது. அதே ஆண்டுகளில் பாரிசில் ஒருவர் அந்த நம்பிக்கையை அடியோடு உருவிக்கொண்டிருந்தார். கி த மாப்பசான் 1884 முதல் 1886 வரை சால்பேத்ரியேர் மருத்துவமனையில் டாக்டர் ஷார்கோ நடத்திய ஹிஸ்டீரியா, ஹிப்னாடிச விளக்கங்களுக்குப் போய் உட்கார்ந்து கேட்டார். 1886 அக்டோபரில் ‘ஓர்லா’ கதையின் முதல் வடிவம் பத்திரிகையில் வந்தது. அந்த ஆண்டு டிசம்பரில்தான் ஆல்காட் அடையாறு நூலகத்தைத் தொடங்கினார்.

‘ஓர்லா’வின் நாயகன் நோர்மண்டியில் சேன் நதிக்கரை வீட்டில் வசதியாக வாழ்பவன். மே மாதத்தில் ஒருநாள் பிரேசில் நாட்டு வெள்ளைக் கப்பல் ஒன்று ஆற்றில் போவதைக் கண்டு குதூகலமாகக் கை உயர்த்துகிறான். பிறகு காய்ச்சல். இரவில் யாரோ மார்பின்மேல் ஏறி அமர்ந்து கழுத்தை நெரிப்பது போன்ற உணர்வு; நம் ஊரில் இதை அமுக்குவான் என்பார்கள். படுக்கும்போது நிறைந்திருந்த தண்ணீர்க் கூஜா காலையில் காலி. குடித்தது யார்?

இங்கேதான் மாப்பசானின் கைவண்ணம். அந்த மனிதன் ஹாட்ஸனைப் போலவே விசாரணையில் இறங்குகிறான். தண்ணீர்ப் புட்டியையும் பால் புட்டியையும் வெள்ளை மஸ்லின் துணியால் சுற்றிக் கட்டுகிறான். தன் உதட்டிலும் தாடியிலும் கைகளிலும் பென்சில் கரியைத் தேய்த்துக்கொண்டு படுக்கிறான். தூக்கத்தில் தானே எழுந்து குடித்திருந்தால் துணியில் கறை படியவேண்டும். காலையில் புட்டிகள் காலி; துணி வெள்ளை வெளேரென்று இருக்கிறது. அறிவுக்கு ஒத்த சோதனைதான், முடிவும் தெளிவாகவே இருக்கிறது. ஆனால் சோதனை செய்தவனும் அவன், சந்தேகப்பட வேண்டியவனும் அவன், அறிக்கை எழுதுபவனும் அவன். அடையாற்றுச் சுவரைத் தட்டிப் பார்க்க லண்டனிலிருந்து ஆள் வந்தார். இந்த மனிதனுடைய மண்டைக்குள் போய்த் தட்டிப் பார்க்க யாரும் வரமுடியாது.

மாப்பசான் இந்தக் கதையை இரண்டு முறை எழுதினார். முதல் வடிவத்தில் ஒரு மருத்துவர், மூன்று சக மருத்துவர்களையும் நான்கு விஞ்ஞானிகளையும் அழைத்து நோயாளியைப் பேசவைக்கிறார். அக்கம்பக்கத்து ஆட்களுக்கும் அதே உபாதை வந்திருக்கிறது என்ற தகவலும் கிடைக்கிறது. இது சாட்சியம் உள்ள கதை. கேட்பவர்கள் தலையாட்டக்கூட இடம் இருக்கிறது. 1887இல் வெளிவந்த இரண்டாவது வடிவத்தில் மருத்துவர்களின் சபை காணாமல் போகிறது. மே 8இல் தொடங்கிச் செப்டம்பர் 10இல் முடியும் நாட்குறிப்பு மட்டும் மிஞ்சுகிறது. நிலைக்கண்ணாடிமுன் நிற்கிறான், கண்ணாடியில் அவன் இல்லை, நடுவில் ஏதோ மறைக்கிறது. கடைசியில் அந்த உருவை அறைக்குள் பூட்டி வீட்டுக்குத் தீ வைக்கிறான். உள்ளே வேலைக்காரர்கள் தூங்குகிறார்கள் என்பது அவனுக்கு நினைவே வரவில்லை. அவர்களுடைய அலறல் கேட்கும் இடம்தான் இந்தக் கதையிலேயே மிகக் கொடுமையான இடம். ஓர்லா என்ற ஒன்று இருந்ததோ இல்லையோ, வேலைக்காரர்கள் இருந்தார்கள். சாட்சிகளை நீக்கிவிட்டுக் கதையை மீண்டும் எழுதியது உரைநடையில் எடுக்கப்பட்ட மிகத் துணிச்சலான முடிவுகளில் ஒன்று.

மாப்பசான் சிபிலிஸ் நோய் முற்றி, 1892 புத்தாண்டை ஒட்டித் தொண்டையை அறுத்துக்கொள்ள முயன்று, பாசியில் டாக்டர் பிளான்ஷின் விடுதியில் 1893 ஜூலை 6 அன்று இறந்தார். வயது 42. இந்தத் தகவலைக் கொண்டு ‘ஓர்லா’வை ஒரு பைத்தியக்காரனின் வாக்குமூலம் என்று படிப்பவர்கள் இருக்கிறார்கள். அப்படிப் படிப்பது அவருக்குச் செய்யும் அநியாயம். அதே கதையைக் கலைத்து, சட்டகத்தை மாற்றி, மீண்டும் கட்டியவரின் கை நிதானமான கை. கதைக்குள் இருப்பவன் தடுமாறுகிறான், எழுதியவர் தடுமாறவில்லை.

அவருக்கு முன்னால் ஒரு நூற்றாண்டு மரபு இருந்தது. ழாக் கசோத் 1772இல் எழுதிய ‘காதல் பிசாசு’ கதையில், இத்தாலியின் இடிபாடுகளில் ஓர் இளைஞன் சாத்தானை அழைக்கிறான். ஒட்டகத் தலை ஒன்று தோன்றி உனக்கு என்ன வேண்டும் என்று கேட்கிறது. பிறகு அழகியாகி அவனோடு வாழ்கிறது. கசோத் புரட்சிக் காலத்தில் கில்லட்டினில் தலையிழந்தார். அடுத்து நோதியே, பல்சாக், நெர்வால் என்று வரிசை நீள்கிறது. இதே மரபில் வந்த இன்னும் இரண்டு பேரிடம் கொஞ்ச நேரம் நிற்கவேண்டும்.

ஒருவர் ப்ரோஸ்பர் மெரிமே. 1834 முதல் பிரான்சின் தொல்சின்னங்களுக்கு ஆய்வாளராக இருந்தவர். கோயில் கோயிலாகப் போய்க் கல்லையும் கல்வெட்டையும் பார்ப்பதே உத்தியோகம். 1837இல் அவர் எழுதிய ‘இல் ஊர் வீனஸ்’ அந்த உத்தியோகத்திலிருந்தே பிறந்தது. தோண்டியெடுத்த வெண்கல வீனஸ் சிலையின் விரலில், பந்தாட்டத்துக்கு இடைஞ்சலாக இருக்கிறது என்று மாப்பிள்ளை தன் மோதிரத்தை மாட்டிவிடுகிறான். பிறகு கழற்ற முடியவில்லை. சிலையின் விரல் மடங்கிவிட்டது என்கிறான். முதலிரவில் அவன் நசுங்கிச் சாகிறான். சிலையை உருக்கிக் கோயில் மணி செய்கிறார்கள். அந்த மணி ஒலிக்கத் தொடங்கியபின் திராட்சைக் கொடிகள் இரண்டு முறை பனியில் கருகின. கதை சொல்பவர் எல்லாவற்றையும் ஆய்வறிக்கை போலத்தான் சொல்கிறார். நம்புங்கள் என்று ஓர் இடத்திலும் கேட்கவில்லை. அதனால்தான் நம்பத் தோன்றுகிறது.

மற்றவர் தெயோஃபில் கோத்தியே. அவருடைய ‘அவதார்’ (1856) தமிழ் வாசகர்களுக்கென்றே எழுதியது போன்ற கதை. இந்தியாவிலிருந்து பாரிசுக்குத் திரும்பிய டாக்டர் பல்தசார் ஷெர்பொன்னோ, இங்கே ஒரு தவசியிடம் கூடுவிட்டுக் கூடு பாயும் வித்தையைக் கற்றுவந்திருக்கிறார். ஒரு சீமாட்டியின்மேல் ஒருதலைக் காதலால் உருகிச் சாகக்கிடக்கும் ஒக்தாவ் என்ற இளைஞனின் உயிரை அவள் கணவனின் உடலில் ஏற்றுகிறார். கணவனின் உயிர் ஒக்தாவின் உடலில். சீமாட்டிக்கோ கணவனின் கண்களைப் பார்த்ததுமே உள்ளே இருப்பது வேறு ஆள் என்று புரிந்துவிடுகிறது. கடைசியில் உயிர்களைத் திருப்பி மாற்றும்போது ஒக்தாவின் உயிர் உடலுக்குத் திரும்ப மறுத்துப் பறந்துவிடுகிறது. கிழ டாக்டர் அந்த இளம் உடலில் தாமே புகுந்துகொள்கிறார்.

திருமூலர் கதையை இதன் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். மேய்ப்பன் மூலன் இறந்துகிடக்க, பசுக்கள் கதறுவதைப் பொறுக்காத சித்தர் அவன் உடலில் புகுகிறார். மூலனின் மனைவியும் இவர் தன் கணவர் அல்லர் என்பதை உணர்கிறாள். அங்கே உயிர் மாறியது கருணையால். அது திருமந்திரத்தில் போய் முடிகிறது. கோத்தியேவிடம் அதே வித்தை ஆசையின் கருவி. நம்முடைய சித்தர் மரபு பாரிஸ் மாளிகைக்குள் போனதும் அது திகில் கதையாகிவிடுகிறது என்பதைத் தமிழ் வாசகர் ஒருவரால்தான் முழுமையாக உணர முடியும்.

இனித் தமிழுக்கு வந்த வழிகள். முதல் வழி புதுமைப்பித்தன்.

அவர் தமிழாக்கிய ஒரு நாவலின் வேர் ஒரு பிரெஞ்சு நூலில் இருக்கிறது. 1812இல் எய்ரியேஸ் என்பவர் ஜெர்மன் பேய்க்கதைகளைப் பிரெஞ்சில் பெயர்த்து ‘ஃபந்தாஸ்மகோரியானா’ என்று வெளியிட்டார். 1816ஆம் ஆண்டின் மழைக்கோடையில் ஜெனீவா ஏரிக்கரையில் பைரன், ஷெல்லி, மேரி ஆகியோர் அந்தப் பிரெஞ்சு நூலை உரக்கப் படித்தார்கள். ஆளுக்கொரு பேய்க்கதை எழுதுவோம் என்று பந்தயம் பிறந்தது. மேரி ஷெல்லியின் ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ அதிலிருந்து வந்தது. அதைத் தமிழில் ‘பிரேத மனிதன்’ ஆக்கியவர் புதுமைப்பித்தன்.

மாப்பசானோடு அவருக்கு இருந்த உறவு இன்னும் நெருக்கமானது, சிக்கலானது. ‘பயம்’, ‘கொலைகாரன் கை’, ‘சமாதி’, ‘நொண்டி’ முதலிய கதைகள் மாப்பசானின் தழுவல்கள் என்று அவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதிய நண்பர் ரகுநாதனே அடையாளம் காட்டினார். ‘தமிழ் படித்த பெண்டாட்டி’க்கு மாப்பசான் கதையே மூலம் என்பதைப் புதுமைப்பித்தனே ஒப்புக்கொண்டார். 1937இல் தழுவல் என்பது இலக்கியத் திருட்டு என்று கட்டுரை எழுதியவரும் அவரே. அதை வைத்து அவர்மேல் எழுந்த குற்றச்சாட்டுகள் பல பத்தாண்டுகள் நீடித்தன. அவருடைய கதைகளைக் காலவரிசையில் பதிப்பித்த ஆ. இரா. வேங்கடாசலபதி, பத்திரிகைக்குக் கெடு வைத்து எழுதிய தொடக்க காலத்தில் பிறந்தவை அவை என்றும், பெரும்பாலானவை அவர் இறந்தபின் மற்றவர்களால் நூலாக்கப்பட்டவை என்றும் விளக்குகிறார். அந்த விளக்கம் ஏற்கத் தக்கது. அதைவிட முக்கியமான ஒன்று உண்டு: ஒரு பெரிய கலைஞன் எந்தப் பட்டறையில் கை பழகினான் என்பதை இந்தத் தழுவல்கள் காட்டுகின்றன.

‘கொலைகாரன் கை’யின் பின்னால் ஒரு நிஜக் கை இருக்கிறது. மாப்பசானுக்குப் பதினெட்டு வயதிருக்கும்போது எத்ரெதா கடற்கரையில் ஆங்கிலக் கவிஞர் சுவின்பர்ன் மூழ்க இருந்தார். மீட்கப் போனவர்களில் மாப்பசானும் ஒருவர். நன்றி சொல்ல விருந்துக்கு அழைத்த வீட்டில், தோலுரித்து உலர்த்திய மனிதக் கை ஒன்று இருந்தது. அந்தக் கை பிறகு மாப்பசானிடமே வந்து சேர்ந்தது. 1875இல் அச்சான அவருடைய முதல் கதை அதைப் பற்றியதே. 1883இல் அதே பொருளை மீண்டும் எடுத்து, கார்சிகாத் தீவில் சங்கிலியால் கட்டிவைத்த கையாக மாற்றினார்.

புதுமைப்பித்தன் கை பழகி முடித்தபின் எழுதியது ‘காஞ்சனை’. 1943இல் வந்தது. அதற்குள் மாப்பசானின் பட்டறைச் சத்தம் கேட்கிறது: தூக்கம் வராத எழுத்தாளன், நடுராத்திரி, எங்கிருந்தோ வந்து மாறும் வாசனை. ஆனால் மாப்பசானின் நாயகர்கள் பெரும்பாலும் தனிக்கட்டைகள். 1883இல் எழுதிய ‘அவனா?’ கதையில், தன் நாற்காலியில் யாரோ உட்கார்ந்திருப்பதாகக் கண்ட ஒருவன், தனியாக இருக்கப் பயந்து கல்யாணம் செய்துகொள்ள முடிவெடுக்கிறான். ‘காஞ்சனை’யின் எழுத்தாளனுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது. பக்கத்தில் மனைவி தூங்குகிறாள். பிச்சை கேட்டு வந்த காஞ்சனையை வீட்டோடு வைத்துக்கொண்டவளும் அவளே. அவளுக்கு எந்தப் பயமும் இல்லை. அவனுடைய பயமெல்லாம் அவளைப் பற்றியது, அதை அவளிடம் சொல்லவும் முடியவில்லை. பிரெஞ்சுக் கதையின் தனிமை பூட்டிய அறையில் இருந்தது. தமிழ்க் கதையின் தனிமை குடும்பத்துக்கு நடுவில் உட்கார்ந்திருக்கிறது. சுடுகாட்டு ஆண்டி, சாம்பல் எல்லாம் வந்து போனபின், கதை காலைக் காப்பியில், ஆண்களைப் பற்றி மனைவி சொல்லும் ஒரு சாதாரண வார்த்தையில் முடிகிறது. காஞ்சனை யார் என்று புதுமைப்பித்தன் சொல்லவே இல்லை. அந்த மௌனத்தைத் தமிழில் முதன்முதலாக இவ்வளவு உறுதியோடு காத்தவர் அவர்; அந்த ஒன்றுக்காகவே திருட்டுப் பட்டம் அவர்மேல் நிற்காது.

இரண்டாவது வழி புதுச்சேரி வழி. கவியோகி சுத்தானந்த பாரதியார் அங்கே அரவிந்தர் ஆசிரமத்தில் இருந்தவர், பிரெஞ்சு அறிந்தவர், பின்னாளில் இதே அடையாற்றில் யோக சமாஜம் நடத்தினார். யூகோவின் ‘லே மிசராப்ள’ அவர் கையில் ‘ஏழை படும் பாடு’ ஆனது, 1950இல் திரைப்படமும் ஆனது. ஆனால் அவர் யூகோவின் ‘சிரிக்கும் மனித’னையும் தமிழாக்கினார் என்பது பலருக்கு நினைவில்லை. ‘இளிச்சவாயன்’ என்று பெயர் வைத்தார். சிறு வயதில் முகத்தை அறுத்து எப்போதும் சிரிப்பது போலச் செய்யப்பட்ட குவின்ப்ளேனின் கதை அது. அழுதாலும் கூட்டம் சிரிக்கும். பேய் இல்லாத திகில், மனிதன் மனிதனுக்குச் செய்வதால் வரும் திகில்.

மூன்றாவது வழி திரைப்படம். அதில் வந்தது பிரெஞ்சுக் கதை என்றே பலருக்குத் தெரியாது. பியேர் புவாலோ, தொமா நார்செழாக் இருவரும் சேர்ந்து 1954இல் ஒரு நாவல் எழுதினார்கள். இறந்துபோன முன்னோர் ஒருத்தி தன்னை ஆட்கொண்டதாக நடந்துகொள்ளும் பெண்ணைப் பின்தொடர்கிறான் ஒருவன்; அவள் கோபுரத்திலிருந்து விழுந்து இறக்கிறாள்; பிறகு அவளைப் போலவே ஒருத்தியைக் காண்கிறான். ஹிட்ச்காக் அதை 1958இல் ‘வெர்டிகோ’ ஆக்கினார். அது 1965இல் கே. சங்கர் இயக்கத்தில் எம்.ஜி.ஆர்., சரோஜாதேவி நடித்த ‘கலங்கரை விளக்கம்’ ஆகச் சென்னைக்கு வந்தது. கோபுரம் மாமல்லபுரத்துக் கலங்கரை விளக்கமாயிற்று. பிரெஞ்சு முன்னோரின் இடத்தில் பல்லவர் காலத்துச் சிவகாமி. இடமாற்றம் அழகு. ஆனால் மூல நாவலின் முடிவில், காதலே வெறியாகி அந்த மனிதன் தான் தேடியவளைத் தன் கையாலேயே கொல்கிறான். கண்டுபிடிப்பவனே கொலைகாரன். எம்.ஜி.ஆர். படத்தில் அதற்கு இடமிருக்க வழியில்லை. ஐந்தாவது காரணம் வழியிலேயே தங்கிவிட்டது.

புதுச்சேரி சென்னைக்கு இவ்வளவு பக்கத்தில் இருந்தும், இரண்டு நூற்றாண்டுகளுக்கு மேலாகப் பிரெஞ்சும் தமிழும் ஒரே தெருவில் புழங்கியும், இந்தக் கதைகளில் பல தமிழ் வாசகரை ஆங்கிலத்தின் வழியாகவே எட்டின. மூலத்திலிருந்து நேராகப் பெயர்த்த ஒரு நல்ல தொகுப்பு வேண்டும். ‘இல் ஊர் வீன’ஸில் அது தொடங்கலாம், ஏனென்றால் சிலையும் கோயிலும் நம் வாசகருக்குப் பழக்கமானவை. ‘அவதார்’ முழுமையாக இடம்பெற வேண்டும், திருமூலர் கதையைப் பற்றிய ஒரு குறிப்போடு. இங்கே நான் பேசாமல் விட்ட வில்லியே த லீல்-ஆதாமின் ‘கொடூரக் கதைக’ளிலிருந்து இரண்டு கதைகளாவது வேண்டும். மாப்பசானின் இரண்டு ‘கை’ கதைகளையும் அடுத்தடுத்து வைத்து, அவற்றின்பின் புதுமைப்பித்தனின் ‘கொலைகாரன் கை’யையும் சேர்த்தால் பட்டறையின் மூன்று படிகளும் ஒரே இடத்தில் தெரியும். ‘ஓர்லா’வின் இரண்டு வடிவங்களும் அவசியம். 1886 வடிவம் முதலில், 1887 வடிவம் அடுத்து. நடுவில் முன்னுரையோ விளக்கமோ வேண்டாம். மருத்துவர்களின் சபை எந்த இடத்தில் எழுந்து போனது என்பதை வாசகரே கண்டுகொள்வார்.